மொட்டு வைத்த மூடி

பெரம்பலூரிலிருந்து சீமைக்குப் படிக்கப் போனவர்கள் உண்டு. வைத்தியத்துக்குப் போனவர்கள் உண்டு. டீக் கெண்டிக்கு மூடி தேடிப் போனவன் நான் ஒருத்தன்தான். இதைப் பெருமைக்குச் சொல்லவில்லை என்று எழுதினால் என்னைத் தெரிந்தவர்கள் சிரிப்பார்கள். பெருமைக்குத்தான் சொல்கிறேன்.

என் படிப்பு மூன்றாம் வகுப்பு. குரும்பலூருக்கு அந்தாண்டை, சொந்தமாக ஒரு குழி நிலம் இல்லாத வீட்டில் பிறந்தேன். அரியலூர்ச் சுண்ணாம்புக்கல் குவாரியில் கல் ஏற்றினேன், அப்புறம் வண்டி ஓட்டினேன், அப்புறம் வண்டி வாங்கினேன். இன்றைக்கு 'அஞ்சலை டிரான்ஸ்போர்ட்' என்று நெற்றியில் எழுதின லாரி நிற்காத டீக்கடை பாடாலூரிலிருந்து அரியலூர் வரைக்கும் கிடையாது. சிமெண்டுக் கல், எறையூர் ஆலைக்குக் கரும்பு, விருத்தாசலத்துப் பீங்கான் சூளைகளுக்கு வெள்ளைக் களிமண், எல்லாம் ஏற்றியாயிற்று. அஞ்சலை என் வீட்டுக்காரி. போன வருஷம் மாசியில் போய்விட்டாள்.

கெண்டியின் கதையைச் சொன்னால்தான் பயணம் விளங்கும்.

அஞ்சலை குமரியாக இருந்த காலத்தில் பாடாலூர்ப் பக்கம் ஒரு பண்ணை வீட்டில் மாட்டுக்கொட்டில் கூட்டினாள். அந்த வீட்டு முன்கூடத்தில் ஒரு கண்ணாடி அலமாரி. அதில் சீமைப் பீங்கான் டீக் கெண்டியும் கோப்பைகளும். நீலப் பூ, தங்கக் கோடு. பண்ணை வீட்டு ஆட்கள் அதில் குடிக்க மாட்டார்கள். பீங்கான் தீட்டுப் பட்டால் பித்தளை போலப் புளி போட்டுத் துலக்கித் தீட்டுப் போக்க முடியாது, அதனால் அடுப்படிக்குள் அது வரக்கூடாது என்பது அவர்கள் வீட்டுச் சட்டம். வெள்ளைக்கார துரை யாராவது வந்தால் அவருக்கு அதில் டீ. வீட்டு ஆட்களுக்குப் பித்தளை டம்ளர். எங்களுக்குக் கொல்லைப்புறத்தில், கொட்டாங்கச்சியில். அதுவும் எல்லோரும் குடித்த பிறகு மிஞ்சின, ஆறிப்போன டீ. அஞ்சலைக்குக் கடைசி வரைக்கும் சூடான டீ குடிக்க வரவில்லை. சொந்த வீட்டில், சொந்த மாட்டுப் பாலில் போட்ட டீயைக்கூட ஆற வைத்துவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்திருப்பாள். "இப்ப யாருடி ஒன்ன காக்க வக்கிறா?" என்று கேலி செய்வேன். "நாக்கு பழகிப்போச்சு, விடுங்க" என்பாள்.

காலம் சுற்றிற்று. பண்ணைப் பிள்ளைகள் பாகம் பிரித்து வீட்டை இடித்தார்கள். தேக்கு உத்தரம் ஏற்ற என் லாரிதான் போயிற்று. நானும் கூடவே போனேன். அலமாரிச் சாமான் ஒரு சாக்கில் கிடந்தது. அதையும் விலை பேசி வாங்கி, வைக்கோல் சுற்றி, என் மடியில் வைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன்.

அஞ்சலை கெண்டியைக் கையில் வாங்கவில்லை. சுற்றி வந்து பார்த்தாள்.

"மூடி எங்க?"

"இல்ல. வந்ததே அப்படித்தான்."

"இருந்துச்சு. மேல ஒரு மொட்டு வச்சிருக்கும், தாமர மொட்டு கணக்கா. வாசல் கூட்டயில பாத்திருக்கேன்."

"மூடி இல்லாட்டி என்ன, டீ எறங்காதா? போட்டுக் குடி."

"மொட்டையா இருக்கு. மூடி வரட்டும். அன்னைக்கு உக்காந்து குடிக்கிறேன்."

மறுநாள் பல்லி விழுந்துவிடப் போகிறது என்று ஒரு தேங்காய் மூடியை எடுத்துச் சுரண்டினாள். அம்மிக்கல்லில் தேய்த்தாள், உடைந்த கண்ணாடியால் வழித்தாள், வைத்துப் பார்த்தாள், மறுபடியும் தேய்த்தாள். கண்கள் இருக்கிற பக்கத்து ஓடு. ஒரு கண்ணில் கறுப்புக் கயிறு கோத்துப் பிடியாக முடிந்தாள். இன்னொரு கண்ணைத் திறந்து விட்டாள். கெண்டி வாயில் அது போய் உட்கார்ந்ததும் 'டப்' என்று ஒரு சத்தம் கேட்கும். ஆபீசர்கள் வருகிறபோது நான் அதை எடுத்து எங்கள் கூடத்து அலமாரிக்குப் பின்னால் வைத்துவிடுவேன். அவர்கள் போனதும் அது கெண்டி மேல் இருக்கும். நாங்கள் அதைப் பற்றிப் பேசிக்கொண்டதில்லை.

அதற்குப் பிறகு எனக்குப் பீங்கான் பைத்தியம் பிடித்தது. காரைக்குடிப் பழைய சாமான் கடைகள், பர்மாவிலிருந்து வந்தவர்கள் வீடு, ஏலம் என்று அலைந்தேன். எனக்கு இங்கிலீஷ் ஓர் எழுத்துத் தெரியாது. ஆனால் கோப்பையைக் கவிழ்த்து அடியில் இருக்கிற முத்திரையைப் பார்த்தால் எந்தச் சூளைச் சரக்கு என்று சொல்லிவிடுவேன். கிரீடம், நங்கூரம், முடிச்சு, கப்பல். நல்ல சீமைப் பீங்கானை வெயிலுக்கு எதிரே பிடித்தால் பின்னால் இருக்கிற விரல் நிழலாகத் தெரியும். நகத்தால் சுண்டினால் கோயில் மணி மாதிரி நின்று அடங்கும். எங்கள் வீட்டுக் கூடத்தில் இப்போது இரண்டு சுவர் நிறைய இருக்கிறது. கலெக்டர் ஒருத்தர் வந்து பார்த்துவிட்டு வாய் பேசாமல் நின்றார். எல்லாம் கிடைத்தது, அந்த மூடி மட்டும் கிடைக்கவில்லை.

முதல் வருஷப் படையல் நெருங்கிற்று. அவளுக்குப் பிடித்ததெல்லாம் வைக்க வேண்டும். டீ இல்லாமல் எப்படி. எங்கள் வீட்டு முறை, படையலுக்குப் போகிறது எதுவும் அடுப்படியிலிருந்து மூடித்தான் கூடத்துக்கு வர வேண்டும். வழியில் யார் கண்ணும் படக்கூடாது. அந்தக் கெண்டியில்தான் டீ என்று நான் முடிவு செய்துவிட்டேன். ஆனால் அவள் படத்துக்கு முன்னால் கொட்டாங்கச்சியைக் கொண்டு போய் வைக்க எனக்கு மனசில்லை. கொட்டாங்கச்சியில் ஊற்றிக் கொடுத்த காலம் போதும்.

அந்தச் சமயம் சம்சுதீன் லெப்பைக்குடிகாட்டுக்கு லீவில் வந்திருந்தான். அவன் அத்தாவின் வெங்காய மூட்டைதான் என் முதல் லாரி ஏற்றின முதல் சரக்கு. சம்சுதீன் துபாயில் இருந்து, அங்கிருந்து சீமைக்குப் போய், பர்மிங்காமில் ஒரு ஓட்டலில் சமையல் மேஸ்திரி. வயது நாற்பதைத் தாண்டிவிட்டது.

"பீங்கான் பண்ற ஊரே நான் இருக்குற எடத்துலேர்ந்து கிட்டத்துலதான் மாமா. நீங்க வாங்க, தேடிப் பாத்துருவோம். கெடைக்கிறது அல்லா கையில."

கெண்டியைத் தூக்கிக்கொண்டு போக பயம். வழியில் உடைந்தால் எல்லாம் போச்சு. ஆகவே பெரம்பலூர் ஸ்டுடியோவில் அதை ஸ்டூல் மேல் வைத்து, பின்னால் சீலை கட்டி, படம் எடுத்தேன்.

"பொண்ணுக்கு எடுக்குற மாதிரி எடுப்பா."

"மாப்ள எந்த ஊருண்ணே?" என்றான் ஸ்டுடியோக்காரன்.

"சீமை."

அளவுக்கு, கெண்டி வாயின் உள்விளிம்பு நெடுக நூல் பிடித்து இரண்டு முனையிலும் முடிச்சுப் போட்டுச் சுருக்குப் பையில் வைத்துக்கொண்டேன். பித்தளைக் குடத்துக்கு மூடி வாங்க எங்கள் பக்கம் அப்படித்தான் போவார்கள். கடைக்குக் குடத்தையா தூக்குவார்கள்? முன்னே பின்னே இருந்தால் கடைக்காரன் தட்டி உட்கார வைத்துத் தருவான்.

இறங்கின அன்று குளிரைப் பற்றித்தான் நினைவு. அது நம் மார்கழிக் குளிர் இல்லை. மார்கழி தோலைத் தொடும், இது எலும்பை விசாரிக்கும். சம்சுதீன் ஓட்டலுக்கு மேலேயே அவன் அறை. ஆட்டுக்கறிக் குழம்பும் சோறும் வைத்தான். சீமையில் முதல் சாப்பாடு லெப்பைக்குடிகாட்டுக் குழம்பாக அமைந்தது என் பாக்கியம். நான் சாப்பிடுவதையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"வெள்ளாத்துல தண்ணி வந்துச்சா மாமா?"

"நீ பாத்துட்டுத்தானடா வந்த."

"நான் வந்ததுக்கு அப்பறம்?"

வரவில்லை என்று சொல்ல நாக்கு வரவில்லை. "கொஞ்சம் வந்துச்சு" என்றேன். அவனுக்கு அது போதுமாக இருந்தது. இன்னொரு கரண்டி சோறு வைத்தான்.

மறுநாள் ரயில் ஏறினோம். பாதி வழியில் பனி கொட்டி வண்டி நின்றுவிட்டது. ஜன்னலுக்கு வெளியே எல்லாம் வெள்ளை, சிமெண்டு ஆலைக்குப் பக்கத்து மரங்கள் மாதிரி. நம் ஊரில் ரயில் நின்றால் என்ன நடக்கும்? கட்டுச்சோற்றை அவிழ்ப்பார்கள், எந்த ஊர், எத்தனை பிள்ளை என்று கேட்பார்கள், கார்டை நாலு பேர் திட்டுவார்கள். இங்கே ஒருத்தரும் மூச்சு விடவில்லை. எல்லோரும் பேப்பருக்குப் பின்னால் ஒளிந்துகொண்டார்கள். எனக்கு எதிரே இருந்த அம்மாள் மட்டும் பிளாஸ்கைத் திறந்து, என் நடுக்கத்தைப் பார்த்து, ஒரு கப் டீ நீட்டினாள். பிளாஸ்டிக் கப்.

"ஒலகத்துக்கே பீங்கான் வித்தவங்க பிளாஸ்டிக்குல குடிக்கிறாங்க பாரு" என்றேன்.

"சத்தம் போடாதீங்க மாமா. பாவம், குடுத்த டீய கொற சொல்லாதீங்க."

குறை சொல்லவில்லை. அந்த டீ மாதிரி ஒரு டீ நான் குடித்ததில்லை. அந்த அம்மாளுக்குக் கும்பிடு போட்டேன். அவளும் கை குவித்தாள்.

அன்று இறங்கின ஊரின் பெயர் ஸ்டோக். இறங்கிப் பார்த்தால் ஊரைக் காணோம். விசாரித்தால், ஆறு ஊரைச் சேர்த்து ஒரு பெயர் வைத்திருக்கிறார்களாம். ரயிலடி ஓர் ஊரில், கடைத்தெரு இன்னோர் ஊரில். இதில் எனக்கு ஆச்சரியமில்லை. பெரம்பலூர்க்காரன் ரயிலைப் பார்க்க அரியலூருக்குத்தானே போகிறான். ஆனால் சம்சுதீன் குழம்பிப்போய்த் தப்பான பஸ்ஸில் ஏற்றிவிட்டான். பஸ் எங்கெங்கோ ஏறி இறங்கி, புகைக்கூண்டும் சேறுமாக ஓர் இடத்தில் நின்றது. டிரைவர் திரும்பிப் பார்த்து ஏதோ சொன்னான்.

"என்னடா சொல்றான்?"

"கடைசி ஸ்டாப்பு, எறங்கு வாத்துங்குறான்."

"என்னையா வாத்துங்குறான்? நான் யாருன்னு சொன்னியா?"

"அய்ய, இந்த ஊருல எல்லாரையும் அப்படித்தான் கூப்புடுவாங்க மாமா. நம்மூருல கண்ணுங்குறதில்லையா, அந்த மாதிரி. ஆம்பளய ஆம்பளயே கூப்புடுவான்."

அப்புறம் போகிற இடமெல்லாம் என்னை வாத்து என்றார்கள். நானும் திரும்ப வாத்து என்றேன். சீமையில் நான் கற்றுக்கொண்ட இங்கிலீஷ் அதுதான்.

தப்பான பஸ்ஸால் ஒரு நன்மை நடந்தது. அந்தக் கடைசி ஸ்டாப்பில் ஒரு வீட்டு ஜன்னல் வழியாக ஒரு பெண்பிள்ளை கல்லில் மாவு ஊற்றிச் சுட்டு விற்றுக்கொண்டிருந்தாள். கூலியாட்கள் வரிசையில் நின்றார்கள். கிட்டப் போய்ப் பார்த்தேன். கம்பு தோசை. சத்தியமாகக் கம்பு தோசை. ஏதோ ஓட்ஸ் என்கிற தானியமாம். நிறம், ஓட்டை, ஓரம் எல்லாம் எங்கள் அம்மா சுட்டது போலவே இருந்தது. நாலு வாங்கித் தெருவிலேயே நின்று தின்றேன். நாக்கு கறிக்குழம்புக்கு ஏங்கிற்று. பாலாடைக்கட்டி வைத்துச் சுருட்டிக் கொடுத்தாள், பாதகமில்லை. பீங்கான் செய்கிற கை பிழைத்தது இந்தத் தோசையில்தான் என்று சம்சுதீன் கேட்டுச் சொன்னான். எல்லா ஊரிலும் பளபளப்பான சாமானுக்குப் பின்னால் இப்படி ஒரு தோசை இருக்கும் போலிருக்கிறது.

மூன்றாம் நாள் சூளை பார்க்கப் போனோம். பாட்டில் மாதிரி வயிறு பருத்துக் கழுத்துக் குறுகின செங்கல் சூளை. இப்போது எரிக்கிறதில்லை, பார்க்க வைத்திருக்கிறார்கள். உள்ளே போய் அண்ணாந்தேன். எறையூர் ஆலைப் புகைபோக்கியை உள்ளிருந்து பார்த்தால் இப்படித்தான் இருக்கும். அங்கே ஒரு கிழவர் பழைய கதையை எடுத்து விட்டார். சம்சுதீன் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தான்.

பீங்கான் சீனாக்காரன் சொத்து. எப்படிச் செய்கிறான் என்று வெளியே விடவில்லை. ஐரோப்பாவில் ராஜாக்கள் ஒரு கோப்பைக்கு நாக்கைத் தொங்கப் போட்டுக்கொண்டிருந்தார்கள். ஜெர்மன்காரன் முதலில் கண்டுபிடித்தான். இங்கிலீஷ்காரனும் என்னென்னவோ கலந்து பார்த்தான். சூளையிலேயே சரிந்து விழுந்தது. தெற்கே கார்ன்வால் என்கிற இடத்தில் வெள்ளைக் களிமண் அகப்பட்டது. அதோடு இன்னொன்றைச் சேர்த்தான், அப்புறம்தான் இந்த வெளுப்பும் இந்த மெலிசும் வந்தது. சீனாக்காரன் வரைந்த பூவையே இங்கிலீஷ்காரன் தாளில் அச்சடித்து ஒட்டிக் கப்பலில் ஏற்றினான். கல்கத்தா, மதராஸ் என்று வந்து இறங்கி, நவாபு வீட்டுக்கும் பண்ணை வீட்டுக்கும் போய்ச் சேர்ந்தது.

"இன்னொண்ணுன்னா என்னடா அது?"

சம்சுதீன் கிழவரிடம் மறுபடியும் கேட்டான். அப்புறம் சும்மா நடந்தான்.

"சொல்லு."

"கோவிச்சுக்காதீங்க மாமா. எலும்பு. மாட்டெலும்ப எரிச்ச சாம்பல். கிட்டத்தட்டப் பாதிக்குப் பாதி அதான்."

நான் அந்தச் சூளைக்குள் நின்று சிரித்த சிரிப்பு இன்னும் அங்கே சுற்றிக்கொண்டிருக்கும். கிழவர் பயந்துவிட்டார். எங்கள் தாத்தா பண்ணையில் செத்த மாடு தூக்கிப் போட்டவர். அதற்காகத்தான் எங்களை வாசலோடு நிறுத்தினார்கள். அந்த வீட்டு முன்கூடத்தில், கண்ணாடிக்குள், தங்கக் கோடு போட்டு மாட்டெலும்பை வைத்துப் பூட்டியிருந்தார்கள். இதை அஞ்சலையிடம் சொல்ல வேண்டும் என்று முதலில் தோன்றிற்று. அவள் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு சிரிப்பது கண்ணில் வந்தது. அப்புறம்தான் யாரிடம் சொல்வது என்பது உறைத்தது. சிரிப்பு நின்றுவிட்டது.

கடைத்தெருவில் பழைய பீங்கான் கடை ஏகம். எல்லாக் கடையிலும் போட்டோவைக் காட்டினோம், எல்லோரும் இல்லை என்று தலையை ஆட்டினார்கள். கடைசியில் ஒரு சந்துக்குள் டோரத்தி என்கிற அம்மாள் கடை. என் வயது இருக்கும். புருஷன் இல்லை. குட்டையான உருவம், கண்ணாடிக்கு மேலாகப் பார்க்கிற பார்வை. கையில் ஒரு தட்டை எடுத்து வைத்துக்கொண்டு ஆரம்பித்தாள், அது ஒரு பிரபு வீட்டுத் தட்டு என்று. நான் விடுவேனா? எங்கள் வீட்டில் நவாபு வீட்டுக் கோப்பை இருக்கிறது என்றேன். அவள் தன்னிடம் இருக்கிற பூச்சாடியின் வயதைச் சொன்னாள். நான் கலெக்டர் வந்து வாய் பேசாமல் நின்ற கதையைச் சொன்னேன்.

"ரெண்டு பேரும் ஒண்ணுபோலவே பேசுறீங்க. நடுவுல நான் எதுக்கு?" என்றான் சம்சுதீன்.

டீ கொண்டு வந்தாள். கெண்டியில் முதலில் வெந்நீர் ஊற்றிச் சுழற்றிக் கொட்டிவிட்டு அப்புறம்தான் தூள் போட்டாள். கோப்பையில் பாலை முன்னால் விட்டு டீயைப் பின்னால் ஊற்றினாள். எனக்குச் சூடு தாங்கவில்லை. பழக்கதோஷத்தில் சாசரில் ஊற்றி உறிஞ்சினேன். சம்சுதீன் என் காலை மிதித்தான்.

டோரத்தி அம்மாள் சிரித்தாள். "எங்கப்பாவும் அப்படித்தான் குடிப்பார். எங்கம்மா திட்டுவாள்" என்றாளாம்.

போட்டோவைப் பார்த்தாள். வெகுநேரம் பார்த்தாள். எழுந்து உள்ளே போய் ஒரு மரப்பெட்டியை இழுத்து வந்தாள். திறந்தால் முழுக்க மூடி. கெண்டி உடைந்துபோய் மூடி மட்டும் பிழைத்த வீடுகளிலிருந்து வந்தவை. எத்தனை வீடு, எத்தனை டீ, எத்தனை பேர் கை நழுவினது. ஒவ்வொன்றாகத் துணியிலிருந்து பிரித்து மேசை மேல் வைத்தாள். வெள்ளை மூடி, ரோஜாப்பூ மூடி, குமிழ் உடைந்த மூடி. அப்புறம் ஒன்றைப் பிரித்தாள். நீலப் பூ, தங்கக் கோடு, நடுவில் ஒரு மொட்டு.

தாமரை மொட்டு கணக்காகத்தான் இருந்தது. அஞ்சலை சொன்னது ஒரு வார்த்தை பிசகில்லை.

சுருக்குப் பையிலிருந்து நூலை எடுத்து மூடியின் அடியில் இருக்கிற வளையத்தில் சுற்றினேன். முடிச்சோடு முடிச்சு வந்து நின்றது. "பாத்தியாடா" என்றேன். அப்போதிருந்த பெருமைக்கு என் லாரி மொத்தமும் ஈடு வராது.

டோரத்தி அம்மாள் சந்தேகமாகத் தலையை ஆட்டினாள். கெண்டி எங்கே என்று கேட்டாள். வீட்டில் என்றதும் முகம் வாடிற்று.

"என்ன சொல்றாங்க?"

"அளவு சரியா இருந்தா மட்டும் பத்தாதாம் மாமா. கெண்டி மேலயே மூடிய வச்சித்தான் மொத வேக்காடு போடுவாங்களாம். சூட்டுல கெண்டி வாயி ஒரு நெல்லு மொன அளவு கோணுனா, மேல இருக்குற மூடியும் அதே அளவு கோணுமாம். ஒண்ணா வெந்தது ஒண்ணோடதான் உக்காருமாம். அதாவது சூளைக்குள்ளயே நிக்காஹ் முடிஞ்சிருது மாமா."

"கொஞ்சம் கூடக்கொறைய இருந்தா தட்டிக்கலாம்னு சொல்லு."

"பீங்கான எங்குட்டு தட்டுறது? ஒடஞ்சிரும்."

மூடியைத் திருப்பி, மொட்டுக்குப் பக்கத்தில் இருந்த சின்னத் துளையைக் காட்டினாள். காற்றுப் போக வழியாம். அது இல்லாவிட்டால் கெண்டி மூக்கில் டீ மடக்கு மடக்கென்று விக்கி விக்கி வருமாம். எனக்கு அஞ்சலை திறந்துவிட்ட தேங்காய்க் கண் ஞாபகத்துக்கு வந்தது. யார் சொல்லிக் கொடுத்தது அவளுக்கு?

இப்போது கெண்டியை எதைப் போட்டு மூடியிருக்கிறீர்கள் என்று அந்த அம்மாள் கேட்டாள்.

"ஒண்ணுமில்லன்னு சொல்லு."

சம்சுதீன் எங்கள் வீட்டில் வளர்ந்த பிள்ளை மாதிரி. எல்லாம் பார்த்தவன். கையைக் குவித்துக் கொட்டாங்கச்சியைக் காட்டி, கல்லில் தேய்க்கிற மாதிரி தேய்த்துக் காட்டி, என்னவோ நீளமாகச் சொன்னான். அந்த அம்மாள் கண்ணாடியைக் கழற்றிவிட்டு என்னைப் பார்த்தாள்.

"என்னடா சொன்ன?"

"இருக்குறத சொன்னேன். சரியா உக்காருதான்னு கேக்குறாங்க."

சம்சுதீனே பதில் சொல்லிக்கொண்டான்.

மூடிக்கு விலை கேட்டேன். ஜோடி இல்லாததற்கு விலை போடுகிற வழக்கமில்லை என்றாள். பழைய பேப்பரில் சுற்றி, கம்பளிக் காலுறை ஒன்றுக்குள் போட்டு, என் கையில் வைத்தாள். உட்காராவிட்டால் தன்மேல் கோபப்படக்கூடாது என்றாள். பதிலுக்குக் கெண்டிப் போட்டோவை அவளிடமே விட்டுவிட்டு வந்தேன். வெளியே வந்து திரும்பிப் பார்த்தேன். மிச்ச மூடிகளை ஒவ்வொன்றாகத் துணியில் சுற்றிக்கொண்டிருந்தாள்.

திரும்புகிற ரயிலில் மூடியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். பர்மிங்காம் நெருங்கும்போது, "கொட்டாங்கச்சியப் பத்தி நான் சொல்லியிருக்கக் கூடாதோ மாமா" என்றான். "நீ வெள்ளாத்தப் பாக்க எப்ப வர்ற?" என்று கேட்டேன். அடுத்த வருஷம், இன்ஷா அல்லா என்றான்.

ஊருக்கு வந்தேன். படையலன்று காலையிலேயே வீடு நிறைந்துவிட்டது. அஞ்சலையின் தங்கை பூங்காவனம் அடுப்படியைப் பார்த்துக்கொண்டாள். கூடத்தில் படத்துக்கு மாலை, புதுச்சேலை, தலைவாழை இலை. வடை, பாயசம், கருவாட்டுக் குழம்பு என்று ஒவ்வொன்றாக மூடிக் கொண்டுவந்து வைத்தார்கள். சொந்தக்காரர்களைச் சுற்றி உட்கார வைத்துச் சீமை மூடியின் கதையை முழுவதும் சொன்னேன். வாத்து வரைக்கும் சொன்னேன். காலுறையிலிருந்து மூடியை எடுத்ததும் பெண்பிள்ளைகள் எட்டிப் பார்த்தார்கள். "அக்கா சொன்ன மொட்டுதான்" என்றாள் பூங்காவனம்.

அடுப்படியில் கெண்டி நிறைய டீ. நான்தான் மூடியை வைத்தேன்.

வைத்தேன், கிடுகிடுவென்று ஆடிற்று. திருப்பி வைத்தேன். ஒரு பக்கம் பதிந்தால் மறுபக்கம் தூக்கிற்று. சுற்றிச் சுற்றி வைத்துப் பார்த்தேன். மொட்டு சாய்ந்தே நின்றது. இடுக்கு வழியாக ஆவி வந்தது.

"சரியாத்தான் இருக்கு" என்றார் ஒரு மச்சான்.

"புடிச்சுக்கிட்டே கொண்டு போயிரலாம் மாமா" என்றான் இன்னொருத்தன்.

நான் இன்னொரு முறை திருப்பினேன். கெண்டியை இரண்டு கையாலும் தூக்கப் பார்த்தேன். மூடி நழுவிற்று, மார்போடு சேர்த்துப் பிடித்துக்கொண்டேன். டீ கையில் தெறித்தது. எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். என் வயதில் ஒருத்தன் அப்படி நின்றால் யாருக்கும் கிட்ட வரத் தோன்றாது.

பூங்காவனம் கூடத்து அலமாரிக்குப் பின்னால் கைவிட்டுக் கொட்டாங்கச்சியை எடுத்து வந்தாள். முந்தானையால் துடைத்தாள். என்னைக் கேட்கவில்லை. கெண்டி வாயில் வைத்து உள்ளங்கையால் ஒரு அழுத்து அழுத்தினாள்.

டப்.

நானே கூடத்துக்குத் தூக்கிக்கொண்டு போனேன். ஒரு சொட்டுச் சிந்தவில்லை. சீமை மூடியை இலையில் வடைக்குப் பக்கத்தில், மொட்டு படத்தைப் பார்க்கிற மாதிரி வைத்தேன். நீலப் பூக் கோப்பையை எடுத்துக் கெண்டியைச் சாய்த்தேன். கொட்டாங்கச்சி அசையவில்லை. திறந்த கண் வழியாகக் காற்று இறங்கி, டீ விக்காமல் ஒரே ஒழுங்காக வந்தது. கோப்பை நிறைந்தது. சூடம் காட்டினார்கள். எல்லோரும் விழுந்து கும்பிட்டார்கள்.

பிள்ளைகளுக்குப் பசி. காக்கைக்கு வைக்க வேண்டும், பந்தி போட வேண்டும். கொஞ்ச நேரம் பொறுத்துப் பார்த்துவிட்டு மச்சான் மெதுவாகக் கேட்டார்.

"எலைய எடுத்துரலாமா?"

கோப்பையிலிருந்து மெல்லிசாக ஆவி போய்க்கொண்டிருந்தது.

"இருங்க" என்றேன். "இன்னும் ஆறல."